பிரிக்க முடியாத வீடு

மார்ச் 4
சம்மன் வந்துவிட்டது. ஒப்பந்தப்படி வீட்டை, வாங்க வந்த மருந்துக்கடைக்காரர் பெயருக்குக் கிரயம் செய்து தர எனக்கு உத்தரவு போட வேண்டுமாம். அவர் வழக்குப் போட்டிருக்கிறார். நன்றாயிருக்கிறது கதை! ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்டேன், முன்பணம் வாங்கினேன். இல்லையென்று யார் சொன்னது? ஆனால் மறுவாரமே தெருமுனையில் ரயில் நிலையம் வரப்போவதாக அறிவித்தார்கள். தெருவில் எல்லா வீட்டுக்கும் விலை இரண்டு மடங்கு. என் வீடு மட்டும் பழைய விலைக்குப் போக வேண்டுமா? தலைவலி மாத்திரை விற்கிற மனிதருக்கு இத்தனை பேராசை ஆகாது.

மார்ச் 5
என் மனைவி முகம் கொடுத்துப் பேசவில்லை. இவளுக்கு முழங்கால் வலி. படுக்கை மாடியில், குளியலறை கீழே. தன் தங்கை வீட்டுக்குப் பக்கத்தில் படியில்லாத வீடு ஒன்றைப் பார்த்து வைத்திருக்கிறாள், இதை விற்றதும் வாங்க.
"கொஞ்சம் பொறு. நல்ல விலை வந்தா லிஃப்ட் வச்ச வீடே வாங்கலாம்" என்றேன்.
"படியே இல்லாத வீட்டுக்கு லிஃப்ட் எதுக்குங்க?"
இவளிடம் வாதாடுவதற்கு நீதிமன்றமே தேவலை.

மார்ச் 19
வக்கீலைப் பார்த்தேன்.
"கையெழுத்து உங்களோடதுதானே?"
"ஆமா."
"யாராவது மிரட்டினாங்களா?"
"காபி கொடுத்தாங்க."
வக்கீல் பெருமூச்சு விட்டார். "அப்ப ஒரே வழிதான் சார். பாசம்."
வீட்டைப் பிரிந்தால் நான் தாங்க மாட்டேன், அவ்வளவு பெரிய கஷ்டத்தை நீதிமன்றம் என் தலையில் கட்டக் கூடாது. இதுதான் வாதம். 'விலை' என்ற பேச்சே என் வாயில் வரக்கூடாதாம். "வீட்டைப் பத்தி நல்லதா நாலு விஷயம் யோசிச்சுட்டு வாங்க."

மார்ச் 20
யோசித்தேன். நாலு தேறவில்லை. மேற்குச் சுவரில் ஓதம். குழாயைத் திறந்தால் அலறுகிறது. முப்பது வருஷமாக இந்த வீட்டைத் திட்டித்தானே காலையில் எழுந்திருக்கிறேன்?

ஆகஸ்ட் 11
வாய்தா. நீதிபதி விடுப்பு.

அக்டோபர் 6
வாய்தா. மருந்துக்கடைக்காரரின் வக்கீலுக்குக் காய்ச்சலாம். கட்சிக்காரரிடம் இல்லாத மாத்திரையா?

நவம்பர் 15
படியில்லாத வீட்டை வேறு யாரோ வாங்கிவிட்டார்கள். இவள் சொல்லவில்லை, மைத்துனிதான் சொன்னாள்.

ஜனவரி 23
சாட்சிக் கூண்டில் ஏறினேன். என் அப்பா ஒவ்வொரு செங்கல்லையும் தொட்டுப் பார்த்த வீடு என்றேன். தொட்டால் உதிர்கிறதா என்று பார்க்கத்தான். எதிர்வக்கீல் அதைக் கேட்கவில்லை. "இந்த வீடு போனா என் உசுரே போன மாதிரிங்க ஐயா" என்றேன். சத்தியமாக, அழுதுவிட்டேன்! குமாஸ்தா தண்ணீர் கொடுத்தார். மருந்துக்கடைக்காரரே மூக்கைத் துடைத்துக்கொண்டார்.
"இவ்வளவு நல்லா அழுவீங்கன்னு முன்னாடியே சொல்லியிருக்கலாமே சார்" என்றார் வக்கீல்.
இவள்தான் பார்க்கவில்லை. நீதிமன்றம் இரண்டாவது மாடி. ஏற முடியாமல் கீழே பெஞ்சிலேயே உட்கார்ந்துவிட்டாள்.

மார்ச் 28
ஜெயித்துவிட்டேன்! முன்பணத்தை வட்டியோடு திருப்பிக் கொடுத்தால் போதும். கிரயம் செய்யத் தேவையில்லை. "இம்மனிதரையும் இவ்வீட்டையும் பிரிப்பது மனிதத்தன்மை ஆகாது" என்று நீதிபதி எழுதியிருக்கிறார். இவளுக்கு வாசித்துக் காட்டினேன். "சரிங்க" என்றாள்.

ஏப்ரல் 16
ரயில் நிலையத்தை ஊரின் மறுபக்கத்துக்கு மாற்றிவிட்டார்களாம்.

ஏப்ரல் 17
விலை பழைய விலைக்கும் கீழே போய்விட்டது. தரகர் போனை எடுக்கவில்லை. என்ன அநியாயம் இது? ஒரு தடவை அறிவித்தால் அறிவித்ததுதானே? சொன்ன சொல்லைக் காப்பாற்றாதவர்களை என்ன செய்வது?

ஏப்ரல் 18
மானத்தை விட்டு மருந்துக்கடைக்குப் போனேன். "பழைய விலைக்கே எடுத்துக்குங்க."
"ஐயோ, வேண்டாம் சார். அன்னைக்கு நீங்க அழுததப் பாத்து எனக்கே மனசு கேக்கல. அந்தப் பாவம் எனக்கெதுக்கு?"
அவர் கிண்டல் செய்தாரா, நிஜமாகவே சொன்னாரா? இன்னும் விளங்கவில்லை. வேறு வீடு வாங்கிக் குடியும் போய்விட்டாராம்.

ஏப்ரல் 21
இன்று இவள் பாதிப் படியில் உட்கார்ந்துவிட்டாள். ஏறவும் முடியவில்லை, இறங்கவும் முடியவில்லை. கையைக் கொடுத்தேன். அவள் பிடித்துக்கொள்ளவில்லை.

ஏப்ரல் 22
மைத்துனி வண்டியோடு வந்தாள். இவள் ஒரே ஒரு பையுடன் வாசலில் நின்றாள்.
"இரு, வீட்டைப் பூட்டிட்டு நானும் வரேன்" என்றேன்.
"நீங்க எப்படிங்க வர முடியும்? உங்களையும் இந்த வீட்டையும் பிரிக்கக் கூடாதுன்னு கோர்ட்டே சொல்லிடுச்சு. என்னைப் பத்தி அதுல ஒண்ணும் இல்லையே."
கோபமாகச் சொல்லவில்லை. கோபமாகச் சொல்லியிருந்தால் பதில் பேசியிருப்பேன்.
வண்டி போன பிறகு தீர்ப்பை எடுத்து முதலிலிருந்து கடைசிவரை படித்தேன். அவளைப் பற்றி ஒரு வரிகூட இல்லைதான். நான் சொல்லியிருந்தால்தானே இருக்கும்.