ஏழாவது ஆள் எதிரே நிற்கும் கடைசிக் குறுந்தகட்டைக் கேட்டு

அனுப்புநர்:
மருத்துவமனைச் சலவைப் பிரிவு ஊழியர்,
நூலக உறுப்பினர் எண் 2218.

பெறுநர்:
தலைமை நூலகர் அவர்கள்,
பொது நூலகம்.

பொருள்: பூட்டி வைக்கப்பட்ட அனிமே தொடரைப் பெரியவர்கள் பார்க்கத் திரும்பத் தருவது தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

1. பழிவாங்கும் கதையான அத்தொடர், வரைந்த படம் என்ற ஒரே காரணத்தால் சிறுவர் அலமாரியில் வைக்கப்பட்டிருந்தது. அதைப் பார்த்த எட்டு வயதுச் சிறுமி மூன்று நாள் விளக்கை அணைக்க விடவில்லை. அவளுடைய தாயார் புகார் செய்தார். தாங்கள் தொடரையே பூட்டிவிட்டீர்கள். புகார் நியாயமானது. அந்தப் புகாரைக் கொடுத்த தாயார் என் சொந்த அக்கா என்பதையும் மறைக்காமல் தெரிவிக்கிறேன். "ரத்தமும் கத்தியுமா இருக்கு, இதைப் போய் நீயும் உக்காந்து பாக்குறியேடி" என்று எனக்கும் திட்டு விழுந்தது.

2. அக்கா சொல்வதில் பாதி உண்மை. முதல் மூன்று பகுதிகளில் தேவைக்கு மேல் ரத்தம். நானே முகத்தைத் திருப்பிக்கொண்டேன். வயதுவந்தவர் எல்லோரும் பார்த்தே ஆக வேண்டும் என்று வாதாட வரவில்லை. ஆனால் கோபத்துக்குத் தீனி போடுவதோடு நிற்கும் படமல்ல அது. தன் வீட்டாரை எரித்த ஏழு பேரைத் தேடிப் போகும் பெண், ஒவ்வொருவரையும் கொல்லும்போது ஒரு நினைவை இழக்கிறாள். ஆறாவது ஆள் விழுந்தபோது அம்மாவின் முகம் மறந்துபோயிற்று. ஏழாவது ஆள் எதிரே நிற்கையில் பதினொன்றாவது குறுந்தகடு முடிந்தது. பன்னிரண்டாவது தங்கள் பீரோவில் இருக்கிறது.

3. ஒரு படத்துக்கா இத்தனை அவசரம் என்று தாங்கள் கேட்கலாம். வேலை சீக்கிரம் முடியட்டும் என்று, எங்கள் சலவைப் பிரிவில் விரிப்புகளைத் தேய்க்கும் இஸ்திரி உருளையின் பாதுகாப்புத் தடுப்பை யாரிடமும் சொல்லாமல் கழற்றினார் என் சக ஊழியர். என் வலது கையில் இரண்டு விரல்கள் போயின. ஆறு மாதமாக அவரை என்னென்ன செய்யலாம் என்று மனத்துக்குள் அடுக்கிக்கொண்டிருக்கிறேன். அக்காவிடம்கூடச் சொன்னதில்லை. சனிக்கிழமைதோறும் தங்கள் நூலகத்தில் அந்தப் படத்தின் முன் உட்கார்ந்தபோதுதான், என் எண்ணத்தை வெட்கப்படாமல் பார்க்க முடிந்தது.

4. தற்காலிகப் பணிநீக்கம் முடிந்து அவர் வரும் திங்கட்கிழமை திரும்புகிறார். படுக்கை விரிப்பை உருளைக்குள் விட இருவர் வேண்டும். ஒரு முனை எனக்கு, மறுமுனை அவருக்கு என்று பட்டியல் ஒட்டிவிட்டார்கள்.

5. ஆகவே, தொடரைப் பெரியவர்கள் அலமாரிக்கு மாற்றி, வயது பார்த்துக் கொடுக்கவும், கடைசிக் குறுந்தகட்டைச் சனிக்கிழமைக்குள் எனக்குத் தரவும் வேண்டுகிறேன். படத்தில் அந்தப் பெண் செய்ததை நானும் செய்யப்போவதில்லை. விரிப்பைப் பிடிக்கும்போது அவர் முகத்தை நான் பார்த்தாக வேண்டும். அதற்கு முன், இன்னொருத்தி அப்படி நிற்பதை ஒருமுறை பார்த்துக்கொள்கிறேன்.

இடது கையால் எழுதியது. கோணலைப் பொறுத்தருள வேண்டும்.

இடம்: நூலக வாசிப்பறை
நாள்: வியாழக்கிழமை

இப்படிக்கு,
(ஒப்பம்)
உறுப்பினர் 2218