ஜெம் எப்படியும் ஜெயிச்சிடுவான்

ஜூன் 9
இரும்பு ஆலையில் புகை போக மின்விசிறி வைக்க முதலாளி ஒருவழியாகத் தலையாட்டினார். நான்கு வருடம் கத்திய பலன். சங்கச் செயலாளனுக்குத் தொண்டைதானே சொத்து.

சாயங்காலம் கெவினோடு ஓட்டுக் கேட்கப் போனேன். வெக்ஸ்ஃபோர்ட் நகர்மன்றத்துக்கு இந்த முறை தொழிற்கட்சியில் நாங்கள் இருவர். நான் இருபது வருடமாக மன்றத்தில் இருப்பவன். அவன் புதுசு, கதவைத் தட்டிவிட்டு மன்னிப்புக் கேட்கிறான். ஓட்டுச்சீட்டில் பிடித்த வரிசைப்படி ஒன்று, இரண்டு என்று எண் போடச் சொல்லிக்கொண்டு வாசல் வாசலாகப் போனோம்.

அடுத்த வீட்டு ஸ்டாஃபர்ட் அம்மாள் சொன்னாள்: “உனக்கென்ன ஜெம், நீ எப்படியும் ஜெயிச்சிடுவே. சீட்டுல ஒண்ணாம் நம்பரை இந்தப் பையனுக்குப் போட்டுட்டு, உனக்கு ரெண்டு போடட்டுமா?”

“தாராளமா போடுங்க!” என்றேன். பெரிய மனுஷன் ஆயிற்றே.

ஜூன் 14
மழை. எந்த வாசலிலும் அதே பேச்சு, ஜெம்முக்குக் கவலையில்லை என்று. கேட்க இனிக்கத்தான் செய்கிறது. நெல்லி மட்டும், “ரொம்பத் துள்ளாதே” என்றாள். பெண்டாட்டி அப்படித்தான் சொல்வாள்.

ஜூன் 23
ஓட்டுப் போட்டாயிற்று. கால் வலி.

ஜூன் 24
தோற்றுவிட்டேன்.

ஜூன் 25
மூன்றே ஓட்டு. ஒவ்வொரு சுற்றிலும் கடைசியில் நிற்பவன் வெளியே, அவன் சீட்டுகள் அவற்றில் அடுத்த எண் வாங்கியவனுக்கு. ஆறாவது சுற்றில் சாராயக்கடை ஹேய்ஸைவிட மூன்று குறைந்து நான் வெளியே. என் சீட்டுகள் போய்ச் சேர்ந்துதான் கெவின் தேறினான். எங்கள் தெருவே அவனுக்கு ஒன்று, எனக்கு இரண்டு. கெவின் களத்தில் நின்றவரை அந்த இரண்டுகளை யாரும் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. அதற்குள் நான் வீட்டுக்குக் கிளம்பக் கோட்டு மாட்டிக்கொண்டிருந்தேன்.

வலிக்கிறது. இங்கே எழுதினால் யாருக்குத் தெரியப்போகிறது?

கெவின் தொப்பியைக் கசக்கிக்கொண்டு வந்து நின்றான். “நான் விலகிடட்டுமா?”

“போடா. நாற்காலி சூடு ஆறுறதுக்குள்ள போய் உட்காரு.”

ஜூன் 29
நெல்லி சரியாகச் சாப்பிடுவதில்லை. தினமும் கோயிலுக்குப் போய் மெழுகுவர்த்தி ஏற்றுகிறாள். எனக்காகத்தான் இவ்வளவு வருத்தமா?

ஜூலை 2
தேநீர் ஊற்றும்போது உடைந்துவிட்டாள்.

“நானும் கெவினுக்குத்தான் ஒண்ணு போட்டேன். நீ எப்படியும் ஜெயிச்சிடுவேன்னு ஊரே சொல்லுச்சு. என்னாலதான் நீ...” முகத்தை ஏப்ரனில் புதைத்துக்கொண்டாள்.

பேசாமல் இருந்திருக்கலாம். மானமாவது மிஞ்சியிருக்கும். ஆனால் அவள் அழுவதை எத்தனை நாள் பார்ப்பது?

“நெல்லி, நானும் அவனுக்குத்தான் போட்டேன். பென்சிலைக் கையில எடுத்ததும், போகட்டும், சின்னப் பையன்னு ஒரு தாராளம் வந்துடுச்சு.”

கண்ணைத் துடைக்காமலே என்னைப் பார்த்தாள். பிறகு சிரிக்க ஆரம்பித்தாள். மேசையைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். எனக்கும் அடக்க முடியவில்லை.

“அப்போ உனக்கு ஓட்டுப் போட்டது யாருய்யா?”