அப்பாவின் மூக்கு

சாருல்லிக்
பிப்ரவரி 9

அன்புள்ள அப்பாவுக்கு,

உன் கிழட்டு மகன் காலேராக் எழுதுகிறேன். நீ மீன்வளத் துறை அமைச்சர் ஆன செய்தியை ரேடியோவில் கேட்டதும் கடையைப் பூட்டிவிட்டேன். வியாபார நேரத்தில் நான் கடையைப் பூட்டியது, அம்மா செத்த நாளுக்குப் பிறகு இப்போதுதான். உன் மருமகள் பிபியானே காபி போட்டாள். ஊரே வந்து குடித்துவிட்டுப் போனது. சர்க்கரை டப்பா காலி.

தலைநகர் நூக்கில் உள்ள உன் ஆபீசுக்குப் போன் செய்தேன். டேனிஷ்காரப் பெண் ஒருத்தி எடுத்து, "யார் பேசறது?" என்றாள்.

"அமைச்சரோட மகன்."

"வயசு?"

"அறுபத்தொண்ணு."

போனை வைத்துவிட்டாள். அமைச்சருக்கு வயது முப்பத்தெட்டு என்று அவளுக்குத் தெரியும்போல. செத்தவர் பெயரைச் சுமக்கிறவர் அந்தச் செத்தவரேதான் என்று அவளுக்கு யார் விளக்குவது? என்னைப் பெற்ற அப்பா பனிக்கட்டி உடைந்து கடலுக்குள் போன அதே குளிர்காலத்தில் பக்கத்து வீட்டில் நீ பிறந்தாய். உல்லோரியாக் என்ற அவர் பெயரை உனக்கு வைத்தார்கள். அன்றிலிருந்து நீ என் அப்பா. நீ தொட்டிலை நனைத்துக்கொண்டு கிடந்த காலத்திலேயே என் அம்மா உன்னை "என் புருஷன்" என்றுதான் கூப்பிடுவாள்.

பெயரை மட்டும் வைத்து ஊர் நம்பிவிடவில்லை. ஆமாம் என்றால் புருவத்தைத் தூக்குவதும் இல்லை என்றால் மூக்கைச் சுளிப்பதும் இங்கே எல்லோருக்கும் உள்ள பழக்கம்தான். ஆனால் அப்பா சுளித்தால் இடது பக்கம் ஒரு மடிப்பு விழும். மீன் வாங்க வந்தவன் அந்த மடிப்பைப் பார்த்ததும் விலையை ஏற்றுவான். மூன்று வயதில் பாதிரியார் நீட்டிய மிட்டாய்க்கு நீயும் அதே மடிப்போடு சுளித்தாய். அம்மா அழுதுவிட்டாள்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். நம் மீன் ஆலையைக் கம்பெனி மூடப்போகிறது என்று பேச்சு. ஆலை போனால் பிடித்த மீனை யாரிடம் விற்பது? மீன் தலைகள் இல்லாமல் பனிவண்டி இழுக்கிற நாய்களுக்கு என்ன போடுவது? விற்க வழியில்லாத ஊரில் என்னிடம் எவன் தூண்டில் கயிறு வாங்குவான்? அடுத்த குளிர்காலத்துக்குள் ஊர் காலி. எனக்குச் சுற்றி வளைத்துப் பேசத் தெரியாது. இதை நிறுத்து.

காய்ந்த மீன் அனுப்பியிருக்கிறேன். நாறுகிறது என்று ஆபீசில் யாராவது சொன்னால் அவர்களுக்குக் கொடுக்காதே.

உன் மகன்,
காலேராக்


நூக்
பிப்ரவரி 24

என் கிழட்டு மகனுக்கு,

மீன் வந்தது. யாருக்கும் கொடுக்கவில்லை. கதவைச் சாத்திக்கொண்டு தின்றேன்.

அப்பன் சொல்கிறேன், கேள். பேச்சு உண்மைதான். கம்பெனி நஷ்டக் கணக்குக் காட்டுகிறது. கூட்டணிக் கட்சிக்காரர்கள் மூடச் சொல்லி நச்சரிக்கிறார்கள். ஊர் மக்களிடம் நேரில் கேட்காமல் மூடக்கூடாது என்று ஒரு நிபந்தனை போட வைத்திருக்கிறேன். அதற்கே பெரிய சண்டை. மார்ச்சில் நானே வருகிறேன், அதிகாரியும் கூட வருவார். ஊர் வேண்டாம் என்றால் வேண்டாம்தான்.

தேர்தலில் உன் படகில் என்னை ஊர் ஊராகக் கூட்டிப்போனாய். போகிற இடமெல்லாம், "எங்கப்பா ஜெயிச்சா நம்ம வாய் நூக்குல பேசும்" என்றாய். பேசும், மகனே.

உன் அப்பா,
உல்லோரியாக்


சாருல்லிக்
மார்ச் 22

அப்பாவுக்கு,

நேற்று ரேடியோ கேட்டாயா? "சாருல்லிக் கூட்டத்தில் ஆலையை மூடுவதற்கு யாரும் மறுப்புத் தெரிவிக்கவில்லை" என்கிறார்கள். கையிலிருந்த பெட்ரோல் கேன் தரையில் கவிழ்ந்துவிட்டது.

நீயும் அங்கேதான் இருந்தாய். ஆனாலும் நடந்ததை எழுதுகிறேன். நாம் இரண்டு பேரும் வேறு வேறு கூட்டத்துக்குப் போனோமோ என்று சந்தேகமாக இருக்கிறது. டேனிஷ் அதிகாரி கேட்டார், மொழிபெயர்ப்பவர் நம் மொழியில் சொன்னார்: "ஆலையை மூட உங்களுக்குச் சம்மதமா?" பள்ளிக்கூடக் கூடம் மொத்தமும் மூக்கைச் சுளித்தது. கிழவர்கள், பெண்கள், கைக்குழந்தைக்காரிகள் யாரும் பாக்கியில்லை. இதைவிடச் சத்தமாக 'இல்லை' சொல்ல நமக்குத் தெரியாது. விருந்தாளி முகத்துக்கு நேரே கத்துகிற வழக்கம் நமக்கு ஏது?

அந்த மனிதர் என்ன செய்தார்? மீன் வாடை தாங்காமல் முகம் சுளிக்கிறோம் என்று நினைத்துக்கொண்டு, எழுந்து போய் ஜன்னலைத் திறந்துவிட்டார்.

"இந்தக் குளிர்ல இவருக்கு வேர்க்குதா?" என்று பிபியானே என் காதில் கேட்டாள். நான் சிரித்தேன். அப்பா இருக்கிறார், எடுத்துச் சொல்லிவிடுவார் என்ற தைரியத்தில் சிரித்தேன். மொழிபெயர்ப்பவர் வாயே திறக்கவில்லை. வாயால் சொன்னதைப் பெயர்க்கத்தானே அவருக்குச் சம்பளம், மூக்கைப் பெயர்க்கவா? "யாரும் பேசலையே, அப்ப சரி" என்று அதிகாரி காகிதங்களை அடுக்கினார். நீ என்னைப் பார்த்தாய். பிறகு ஜன்னலைப் பார்த்தாய்.

"உங்கப்பனுக்குக் கண்ணு அவிஞ்சு போச்சாடா?" என்று நாய்வண்டி ஓட்டுகிற எலியாஸ் என் கடை வாசலில் நின்று கேட்கிறான். "அவசரத்துல தோணியிருக்காது, நீ உன் நாயைப் பாரு போ" என்று விரட்டியிருக்கிறேன். என்னைப் பொய்யனாக்காதே. ரேடியோக்காரர்களைக் கூப்பிட்டு ஒரே ஒரு வார்த்தை திருத்திச் சொல்.

உன் மகன்,
காலேராக்


நூக்
ஏப்ரல் 3

மதிப்புக்குரிய காலேராக் அவர்களுக்கு,

நான் பார்த்தேன். பார்க்கவில்லை என்று உங்களிடம் பொய் சொல்ல மனம் வரவில்லை.

அன்று நான் வாய் திறந்திருந்தால் கூட்டணி உடைந்திருக்கும். என் நாற்காலியும் போயிருக்கும். நாற்காலி இருந்தால்தான் உங்கள் எல்லோருக்கும் டவுனில் வீடும், பிள்ளைகளுக்கு வேலையும் வாங்கித் தர முடியும். தவிர, நீங்கள் மூக்கைச் சுளித்ததை நான் சட்டசபையில் எப்படிச் சாட்சியாக வைப்பது? சிரிப்பார்கள்.

ஆலையை மூடுவது பற்றி மே மாதம் சட்டசபையில் வாக்கெடுப்பு. என் நிலைமையைப் புரிந்துகொள்வீர்கள் என்று நம்புகிறேன்.

உல்லோரியாக்


சாருல்லிக்
ஏப்ரல் 14

அப்பாவுக்கு,

'மகனே' என்று எழுத மறந்துவிட்டாய். வேலை அதிகமாக இருக்கும்.

நானும் ஒரு சீல் விலங்கின் தோலை விற்று ஆரம்பித்த வியாபாரிதான். படகு தாழும்போது எந்த மூட்டையைக் கடலில் எறிவது என்று எனக்கும் தெரியும். நீ போட்ட கணக்கில் தப்புச் சொல்ல மாட்டேன். ஆனால் எறியப்போகிற மூட்டை உனக்குக் கடிதம் எழுதுகிறது, என்ன செய்வாய்?

கம்பெனி இப்போதே மீன் வாங்குவதைக் குறைத்துவிட்டது. நாய்களுக்குத் தலையும் இல்லை, குடலும் இல்லை. எலியாஸ் தன் நாய்களை ஒவ்வொன்றாகக் குன்றுக்குப் பின்னால் கூட்டிப் போனான். பனிவண்டியை முன்னால் நின்று இழுக்கிற கறுப்பு நாயை மட்டும் சுட மனமில்லாமல் விட்டுவிட்டான். மற்றவை வரும் என்று அது பாதையைப் பார்த்தபடி உட்கார்ந்திருக்கிறது. என் கடையில் இப்போது தோட்டா மட்டும்தான் விற்கிறது, அப்பா.

பேரத்தை இறக்குகிறேன். பேச வேண்டாம். நாற்காலியை விட வேண்டாம். வாக்கெடுப்பு டிவியில் வரும், ஊரே உட்கார்ந்து பார்க்கும். உன் முறை வரும்போது ஒரே ஒரு தடவை மூக்கைச் சுளி. அவர்களுக்கு அது ஒன்றுமில்லை. எங்களுக்குப் புரியும். ஆலை போனாலும் போகட்டும். எங்களை எறிந்த கை உன் கை இல்லை என்று தெரிந்தால், அதைப் பிடித்துக்கொண்டு எங்கேயாவது போய்ப் பிழைத்துக்கொள்வோம்.

நான் யாரிடமும் கெஞ்சியவன் இல்லை. உன்னிடம் கெஞ்சுகிறேன்.

உன் மகன்,
காலேராக்


சாருல்லிக்
மே 19

மாண்புமிகு மீன்வளத் துறை அமைச்சர் அவர்களுக்கு,

என் போன கடிதத்துக்குப் பதில் வரவில்லை. வாக்கெடுப்பையே பதிலாக எடுத்துக்கொண்டோம்.

பள்ளிக்கூடக் கூடத்தில் எல்லோரும் சேர்ந்து பார்த்தோம். உங்கள் முறை வந்தபோது, "மூச்சு விடாதீங்க, முகத்தைப் பாருங்க" என்று பிபியானே அதட்டினாள். உங்கள் முகத்தைப் பெரிதாகக் காட்டினார்கள். கழுவிக் கவிழ்த்த தட்டு மாதிரி இருந்தது. நீங்கள் கையை மூக்குக்குக் கொண்டுபோனதும் பின்னாலிருந்து ஒருத்தி, "இதோ! இதோ!" என்று கத்தினாள். நீங்கள் கண்ணாடியைச் சரிசெய்துகொண்டீர்கள்.

எலியாஸ் எழுந்து போய் ஜன்னலைத் திறந்தான்.

கடையில் மிச்சம் இருப்பதைச் சரக்குக் கப்பலில் ஏற்றிவிடுவேன். டவுனில் வீடு தருகிறவர்களில் என் பெயரைச் சேர்க்க வேண்டாம். என் பிழைப்பை நான் பார்த்துக்கொள்வேன்.

இன்னொரு செய்தி. பிபியானேயின் தங்கை மகள் டவுன் ஆஸ்பத்திரியில் பெற்று, பிள்ளையைத் தூக்கிக்கொண்டு ஊருக்கு வந்திருக்கிறாள். பெண் குழந்தை. பெயர் வைக்கக் கூடினோம். உல்லோரியாக் என்று வைத்திருக்கிறோம். உயிரோடு இருக்கிறவர் பெயரை நாங்கள் பிள்ளைக்கு வைப்பதில்லை என்பது உங்களுக்குத் தெரியும். அந்தப் பெயரை இப்போது யாரும் சுமக்கவில்லை என்று ஊர் முடிவு செய்தது. என்னையும் கேட்டார்கள். புருவத்தைத் தூக்கினேன்.

நேற்று அவளை மடியில் வாங்கி, விரலில் சர்க்கரை தொட்டு உதட்டில் வைத்தேன். மூக்கைச் சுளித்தாள். இடது பக்கம் மடிப்பு விழுந்தது.

"வாங்கப்பா" என்றேன்.

இப்படிக்கு,
காலேராக்
வியாபாரி, சாருல்லிக்