கிளார்க் நாய்

ஜூன் 12, செம்மேடு

பக்கத்து வீட்டு கிளார்க் வெங்கடாசலம் மாற்றலாகி நாமக்கல்லுக்கு இறங்கிவிட்டான். பீரோ, கட்டில், மிளகு மூட்டை, கால் உடைந்த பிளாஸ்டிக் நாற்காலி எல்லாம் லாரியில் ஏறியது. மூன்று வருஷம் அவன் காலடியில் கிடந்த நாய் மட்டும் ஏறவில்லை. "மலையில வளர்ந்ததுங்க டீச்சர், கீழ சூடு தாங்காது" என்றான். அடேயப்பா, என்ன கருணை!

ஜூன் 15

இந்த ஊர்த் தெருநாய்களுக்குப் பேர் உண்டு. டாக்டர் நாய், சர்வேயர் நாய், ரேஞ்சர் நாய். மலைக்கு வேலைக்கு வந்த துரைமார் பொழுது போக வளர்த்து, மாற்றல் வந்ததும் உதறிவிட்டுப் போனவை. இப்போது கிளார்க் நாய். படிச்ச ஜென்மங்கள். தூ!

ஜூன் 21

பஸ் ஸ்டாண்டில் ஒவ்வொரு நாமக்கல் பஸ்ஸாக மோந்து பார்க்கிறது. பரோட்டாக் கடைக்காரன் சுடுதண்ணி ஊற்றியிருக்கிறான். முதுகு வெந்து கிடக்கிறது, சுற்றி நின்று சிரிக்கிறார்கள். எங்கள் பள்ளி வனிதா டீச்சர் போட்டோ எடுத்து ஸ்டேட்டஸ் வைத்தாள், அழுகிற பொம்மையோடு. மருந்து போட மட்டும் கை வரவில்லை மகராசிக்கு.

நான்தான் போட்டேன். கடிக்க வந்தது. பின்னே, கொஞ்சவா செய்யும்?

ஜூலை 2

என் வாசலில் படுத்திருக்கிறது. என் நாய் இல்லை.

ஆகஸ்ட் 9

வெங்கடாசலம் ஏதோ கையெழுத்துக்காக வந்தான். இது மண்ணில் புரண்டு, நின்ற இடத்திலேயே ஒண்ணுக்குப் போய், அழுது — "சீ சனியனே, பேண்ட்டெல்லாம் சேறு!" காலால எத்தினான். நீயெல்லாம் மனுசனாடான்னு கேக்க வாய் வரைக்கும் வந்துச்சு. ஏன் கேக்கல? அவன் ஏறின பஸ் பின்னாலயே சோளக்காடு ஊர் வரைக்கும் ஓடிச்சாம். சாயங்காலம் நொண்டிக்கிட்டு வந்துச்சு.

நவம்பர் 4

எனக்கும் மாற்றல். மலைக்குக் கீழே, சேந்தமங்கலம். டீக்கடை ஆயம்மாளிடம் சொன்னேன். "அப்ப இனி இது டீச்சர் நாயிங்களா?" என்றாள். குத்தலாகக்கூட இல்லை, சாதாரணமாகத்தான் கேட்டாள். நான் என்ன அவனுங்க மாதிரியா?

நவம்பர் 16, சேந்தமங்கலம்

மூன்றாவது வீடும் போச்சு. வீட்டுக்காரர் சின்னுசாமி சமையலறை வரை காட்டிவிட்டு, கேட்டில் கட்டியிருந்ததைப் பார்த்ததும் முகம் சுளித்தார்.

"ஏனுங்க டீச்சர், அது யார் நாயிங்க?"

"என் நாய்."

"அப்ப ஊடு இல்லீங்க."

"ஊட்டை நீங்களே கட்டிக்கிட்டு அழுங்க" என்று சொல்லிவிட்டுக் கயிற்றை அவிழ்த்தேன். உச்சி வெயில். நாலாவது வீடு பார்க்க நடந்தோம். எனக்குத்தான் மூச்சு வாங்கியது. அது வாலை ஆட்டிக்கொண்டு முன்னால் போனது. சூடு தாங்காதாம்!