முங்கிக் கப்பல் பார்க்கப் போனது

தை 11, வியாழன்

காலையில் பனி. எதிர் வீட்டு வைக்கோல் படப்பு கூடத் தெரியவில்லை. மாமனாருக்கு வெந்நீர் வைத்து, உடம்பு துடைத்து, வேட்டி மாற்றி, கஞ்சி ஊட்டி, பள்ளிக்கூடம் போகக் கால் மணி தாமதம். என் வகுப்பைப் பெரிய டீச்சர் பார்த்துக்கொண்டிருந்தார்.

அவர் கொண்டு வந்த செய்தி: மதுரையில் முங்கிக் கப்பல், தண்ணீருக்கடியிலேயே போகிறது, வந்திருக்கிறது. யுத்தத்தில் எதிரியிடம் பிடித்தது. இனிமேல் ஓடாது, பார்வைக்கு மட்டும். தூத்துக்குடியிலிருந்து ரயிலில் ஏற்றி வந்து, ஆற்றுக்கு வடக்கே ஒரு மைதானத்தில் நிறுத்தியிருக்கிறார்கள். பக்கத்திலேயே கூடாரம், அதில் கப்பற்படைச் சாமான்கள். ஊர் ஊராகப் போகிறது. மதுரையில் ஞாயிறோடு சரி.

"நீயும் ஒரு எட்டு போய்ப் பாத்துட்டு வாம்மா," என்றார். பிறகு என் வெள்ளைச் சேலையைப் பார்த்தார். நாக்கைக் கடித்துக்கொண்டார். என் வீட்டுக்காரர் இருந்த கப்பலை முங்கிக் கப்பல்தான் உடைத்தது என்பது அவருக்கு அப்போதுதான் ஞாபகம் வந்திருக்கும்.

போகத்தான் வேண்டும். இரண்டு வருஷமாக அது எப்படியிருக்கும் என்று நினைத்து நினைத்து, சில நாள் முதலை மாதிரி வரும், சில நாள் கவிழ்த்த கொப்பரை மாதிரி வரும். ஒரு தரம் பார்த்துவிட்டால் நிற்கும்.

மூன்றாம் வகுப்புக்குச் சிலேட்டு நான்கு குறைகிறது. எழுதிப் போட வேண்டும்.

தை 12, வெள்ளி

அத்தையிடம் கேட்டேன். அரிசி புடைத்துக்கொண்டிருந்தார். சுளகு நின்றது.

"தாலியறுத்தவளுக்கு என்னடி வேடிக்கை?"

"அவரக் கொன்னது எப்படி இருக்குன்னு பாக்கணும் அத்தே."

"எம்புள்ளயத் தின்ன சனியன். அதப் போயிக் கும்புட்டு வரப் போறியாக்கும்."

உள்ளே கட்டிலிலிருந்து மாமா குரல் கொடுத்தார். வாதம் வந்து இடது பக்கம் விழுந்து மூன்று வருஷம். பேச்சு குழறும், எனக்குப் புரியும். "போயிட்டு வரட்டும் விடு. எம்புட்டுப் பெருசுன்னு எனக்கு வந்து சொல்லு தாயி."

"ரெண்டு நாளைக்கு ஒங்க சோலிய யாரு பாக்குறதாம்?" என்று அத்தை அவர் மேல் பாய்ந்தார். மாதம் தவறாமல் மதுரையில் தம்பி வீட்டுக்குப் போய் மூன்று நாள் தங்கி வருகிறவர். அப்போதெல்லாம் யார் பார்க்கிறார்களாம்.

மத்தியானம் குரல் மாறியது. "ஒத்தையில போகாத. மாசி பொறக்கட்டும், நானே கூட்டிட்டுப் போறேன்." மாசியில் அது இருக்காதே என்றேன். அத்தை முகம் நன்றாக இல்லை.

போகிறேன். நாளைக்கும் மறுநாளும் பள்ளிக்கூடம் இல்லை. மதுரையில் இருக்கும் சரோஜாவுக்கு நேற்றே கார்டு போட்டாகிவிட்டது.

தை 13, சனி

உசிலம்பட்டியிலிருந்து கரி பஸ், பெட்ரோலுக்குப் பஞ்சம். கண்டக்டர் கரியைக் கிண்டிக் கிண்டி ஏற்ற, இரண்டரை மணி நேரம். சேலையெல்லாம் கரும்புள்ளி. வெள்ளையில் மறைக்கவும் முடியாது.

சரோஜா என்னோடு டிரெயினிங் படித்தவள். சௌராஷ்டிர வீடு, நெசவு. முற்றம் முழுக்கச் சாயம் போட்ட நூல் காய்கிறது. அவளும் அவள் அம்மாவும் அவர்கள் பாஷையில் பேசிக்கொண்டார்கள். என்னைப் பற்றித்தான். அம்மா என் கழுத்தையே பார்த்தார்.

மைதானம். கூட்டம். கூடாரத்தில் பார்த்தவை: நங்கூரம் ஒன்று. முக்குளிப்பவனின் பித்தளைத் தலைக்கூடு. கயிற்று முடிச்சுகள், பலகையில் அடித்து. கொடிகள். கண்ணாடிப் பெட்டியில் சின்னக் கப்பல்கள், பீரங்கியோடு. முழுகும் கப்பலின் படம் ஒன்று. அதன் முன்னால் நின்றேன். தண்ணீரில் சின்னச் சின்னத் தலைகள். எந்தத் தலை என்று தேடினேன். முட்டாள்தனம், அது வேறு கப்பல்.

முங்கிக் கப்பல் வெளியே, மரக்கட்டைகள் மேல். இரண்டு பஸ் நீளம் இருக்கும். முதலையும் இல்லை, கொப்பரையும் இல்லை. பெரிய புகையிலைச் சுருட்டு மாதிரி. துரு. வயிற்றில் இரண்டு பக்கமும் வெட்டி வாசல் வைத்திருக்கிறார்கள். இந்தப் பக்கம் ஏறி அந்தப் பக்கம் இறங்க வேண்டும்.

உள்ளே எண்ணெய் வாடை, வியர்வை. ஒரே ஒரு பல்பு. நிமிர முடியாது. கோடியில் வெள்ளை உடுப்புக்காரன் ஒருவன் கம்பால் இரும்பைத் தட்டித் தட்டிச் சொல்லிக்கொண்டிருந்தான். முகம் நிறையத் தாடி.

"இந்தக் குழாயிலதான் குண்ட வச்சுத் தள்ளுவாங்க. தண்ணிக்குள்ளேயே போகும். பட்டுச்சுன்னா ரெண்டு நிமிசம். ஆத்தான்னு கூப்புடுறதுக்குள்ள ஆளு அடியில. ஊருல பொண்டாட்டி தல சீவிப் பூ வச்சுக்கிட்டு இருப்பா, இங்க மீனுக்கு விருந்து நடந்துக்கிட்டு இருக்கும்."

சிரிப்பு. பெண்களும் சிரித்தார்கள். சரோஜா என் கையைப் பிடித்து அழுத்தினாள்.

அவனும் சிரித்தான். மூக்கால், இரண்டு தரம், விக்கல் மாதிரி. அந்தச் சிரிப்பு எனக்குத் தெரியும். நான்கு வருஷம் அதோடு குடித்தனம் செய்திருக்கிறேன்.

வரிசை தள்ளியது. அவர் முன்னால் போய் நின்றேன். இறங்கும் வாசலில் எல்லாப் பெண்களுக்கும் கை கொடுத்துக்கொண்டிருந்தவர், எனக்கும் நீட்டினார். பல்பு என் முகத்தில் அடித்தது. கை அப்படியே நின்றது. மணிக்கட்டில் பம்பரம் கிழித்த தழும்பு.

"பாத்து எறங்குங்கம்மா," என்றார். "பின்னால வாரவுகளுக்கு வழி விடுங்க."

கூடாரத்துக்குப் பின்னால் போய் உட்கார்ந்துவிட்டேன். எண்ணெய் வாடை ஒத்துக்கொள்ளவில்லை என்று சரோஜா சோடா வாங்கி வந்தாள். அவளிடம் சொல்லவில்லை. சொன்னால் நிஜமாகிவிடும்.

தை 14, ஞாயிறு

சொன்னேன். விடியும்போது. சரோஜா அழுதாள். "தாடிக்காரன் யாரோ, இருட்டு, உனக்குப் பிரமை," என்றாள். பிறகு அவளே, "வா, போய்ப் பார்த்துவிடலாம்," என்றாள்.

ஆள் விடுவதற்கு முன்பே மைதானத்தில் இருந்தோம். கூடாரக் கயிற்றருகே தனியாக உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருந்தார். சரோஜா தள்ளி நின்றாள். அவர் எழுந்திருக்கவில்லை.

"வருவேன்னு தெரியும்," என்றார். "நேத்தே கத்தாமப் போனியே, அம்புட்டுக்கு நல்லவதான் நீ."

"நீங்க செத்துட்டதாச் சொன்னாங்க."

"அம்மா இன்னுமா சொல்லல?"

எனக்கு முதலில் புரியவில்லை. என்ன சொல்லவில்லை என்று கேட்டேன். டீயை ஊதிக்கொண்டே சொன்னார். மாமன் மகளை, அத்தையின் தம்பி பெண்ணை, கட்டிக்கொண்டு இரண்டு வருஷம் ஆகிறது. அந்தப் பெண் இரண்டாம் தாரமாக வர மாட்டேன் என்றதாம். முதல் தாரத்தைப் பஞ்சாயத்தில் தீர்த்துவிடுவது என்றால் என் அண்ணன்மார் எழுமலையிலிருந்து ஆள் கட்டி வருவார்கள், அவர் அப்பாவும் என் அப்பாவுக்குக் கொடுத்த வாக்கை விட மாட்டார். "மாமனும் அம்மாவுந்தான் ஓசன பண்ணுனாங்க. யுத்தத்துல எத்தன பேரு சாகுறான், அதுல ஒருத்தன்னு வச்சுக்கிருவோம்னாங்க. ஒனக்கும் மரியாதைதான புள்ள? விட்டுட்டுப் போனான்ற பேரு இல்லேல்ல."

குடி இங்கேதான், மாமன் வீட்டுக்கு அடுத்த சந்து. ஆண் குழந்தை, பத்து மாதம். அத்தை மாதாமாதம் வந்து குளிப்பாட்டிவிட்டுப் போகிறாராம்.

கப்பல் உடைந்தது என்று செய்தி கொண்டு வந்ததே அந்த மாமன்தான். சர்க்கார் காகிதம் பின்னால் வரும் என்றார், வரவே இல்லை. மகள் கல்யாணத்துக்கு எங்களுக்குச் சொல்லவில்லை, யாரோ வெளியூர் மாப்பிள்ளை என்று கேள்வி. பதினாறாம் நாள் என் கையைப் பிடித்து அம்மியில் அடித்து வளையல் உடைத்தது அத்தை. கட்டிக்கொண்டு அழுதார். நன்றாக அழுதார்.

"அப்பா எப்படி இருக்காரு?"

"படுக்கையில. ஒங்களுக்குத் தெவசம் குடுக்குற அன்னைக்கு மட்டும் தூக்கி உக்கார வைக்கச் சொல்லுவாரு."

தலை குனிந்தார். அழப்போகிறார் என்று நினைத்தேன். மூக்கால் சிரித்தார். "எள்ளுத் தண்ணி எறைச்சாரா? பாவம்."

மணி அடித்தது. எழுந்து தொப்பி வைத்துக்கொண்டார். "இனி இங்க வராத. நாளைக்கு அடுத்த ஊரு போயிருவோம். ஊருல சொன்னியின்னா ஒனக்குத்தான் அசிங்கம்."

கேட்க வேண்டியது எவ்வளவோ இருந்தது. நான் கேட்டது: "ஒருநாளாச்சும் என்னைய நெனச்சீகளா?"

"கப்பல்ல வேல சாஸ்தி புள்ள," என்றான்.

திரும்பும் பஸ் செக்கானூரணி தாண்டி நின்றுவிட்டது. எல்லோரும் இறங்கித் தள்ளினோம். நானும் தள்ளினேன்.

தை 15, திங்கள்

பனி. பள்ளிக்கூடம் போகவில்லை.

நேற்று வந்து இறங்கியதும் என் முகத்தைப் பார்த்தே அத்தைக்குத் தெரிந்துவிட்டது. இன்று காலை மாட்டுக் கொட்டத்துக்குக் கூப்பிட்டார். நான் வாயைத் திறக்கும் முன்,

"பாத்தியா?"

"பாத்தேன்."

"பேரனப் பாத்தியா?"

"இல்ல."

சாணியை அள்ளிக்கொண்டே பேசினார். மன்னிப்பு, காலில் விழுவது, அதெல்லாம் இல்லை. நான்தான் எதிர்பார்த்திருக்கிறேன்.

"ஒங்க அண்ணன் மறு கல்யாணம் பண்ணிக் குடுக்கக் கேட்டு வந்தான்ல அத்தே. எம்புள்ள நெனப்புல இங்கனயே கெடக்கட்டும்னு சொன்னீகளே. ஏன்?" என்று கேட்டேன். கோபத்தில் 'எங்க அண்ணன்' என்பதை 'ஒங்க அண்ணன்' என்றுவிட்டேன். அதற்கு அத்தை சிரித்தார். பிறகு சொன்னார்:

"புருசன் விட்டுட்டுப் போனவ எங்க வேணாலும் போவா. தாலி போனவ எங்கயும் போக மாட்டா. ஒன்னைய அனுப்பிட்டா அந்த மனுசனுக்குப் பீ மூத்திரம் அள்ளுறது யாரு? எனக்கு முதுகு வளையுமா?"

கூடையைத் தலையில் ஏற்றிவிடச் சொன்னார். ஏற்றிவிட்டேன். கை தானாகப் போகிறது.

போகும்போது, குரலைத் தாழ்த்தி: "அவர்கிட்டச் சொல்லிராத. உசுரு போயிரும்."

அதுவும் சரிதான். மாமா ஒருவர்தான் இந்த வீட்டில் என்னை ஆளாக நினைத்தவர். சாயங்காலம், முங்கிக் கப்பல் எம்புட்டுப் பெரிசு என்று கேட்டார். இரண்டு பஸ் நீளம் என்றேன். "அம்புட்டுத்தானா?" என்று கண் கலங்கினார். "அம்புட்டூண்டா எம்புள்ளயக் கொன்னுச்சு?"

தை 17, புதன்

தலை வலி. பள்ளிக்கூடம் போய், சாயங்காலம் சந்தை வழியாகத் திரும்பினேன். பூ வாங்கினேன். கதம்பம், இரண்டு முழம். கண்ணாடி வளையல், பச்சை. குங்குமம். வீட்டில் பெட்டியைத் திறந்து அரக்குச் சேலை எடுத்துக் கட்டிக்கொண்டு, குடத்தோடு கிணற்றுக்குப் போனேன். வெளிச்சம் இருக்கும்போதே.

கிணற்றில் ஏழெட்டுப் பெண்கள். இறைப்பது நின்றது.

"ஏண்டி வேலம்மா, என்னடி கோலம் இது?"

"எங்க அத்தையக் கேளுங்க."

கேட்கப் போனார்கள். நான் நிதானமாகத் தண்ணீர் எடுத்து வந்தேன். வாசலில் அத்தையைச் சுற்றி நின்றார்கள். அத்தை என்னைப் பார்த்தார், அவர்களைப் பார்த்தார். உண்மையைச் சொன்னால் மகன் போச்சு. சொல்லாவிட்டால் தாலியறுத்த மருமகள் பூ வைத்துக்கொண்டு திரிகிறாள். நன்றாகப் பார்த்துக்கொண்டு நின்றேன். சந்தோஷமாக இருந்தது, பொய் சொல்வானேன்.

"அவளுக்குப் பித்துப் புடிச்சிருச்சு," என்றார் அத்தை. "மதுரைக்குப் போயி எதையோ பாத்துப் பயந்து வந்திருக்கா."

உடனே நம்பினார்கள். எவ்வளவு சுலபம். ஒருத்தி வேப்பிலை ஒடிக்கப் போனாள்.

மாமா கூப்பிட்டார். போனேன். பூவைப் பார்த்தார். வளையலைப் பார்த்தார். "என்ன தாயி இது?"

உயிர் போனால் போகட்டும் என்று நினைத்தேன். அப்படித்தான் நினைத்தேன். எழுதி வைக்கிறேன்.

"ஒங்க மகன் உசுரோட இருக்காரு மாமா." எல்லாவற்றையும் சொன்னேன். மாமன் மகள், குழந்தை, அத்தை, எல்லாம். வாசலில் அத்தை தலையில் அடித்துக்கொள்ளும் சத்தம்.

மாமாவின் உயிர் போகவில்லை. வலது கையை ஊன்றித் தானாக எழப் பார்த்தார். மூன்று வருஷத்தில் முதல் தடவை. கண்ணிலிருந்து தண்ணீர், வாயில் சிரிப்பு.

"எம்புள்ள இருக்கானா! ஆம்பளப் புள்ளயா பொறந்திருக்கு?"

"ஆமா."

"யாரு சாடை?"

"நான் பாக்கல மாமா."

"ஒரு எட்டுப் பாத்துட்டு வந்திருக்கலாம்ல தாயி."

நின்றுகொண்டிருந்தேன். என்னைப் பற்றி ஏதாவது வரும் என்று. வந்தது.

"அவுகள இங்கேயே கூட்டியாரச் சொல்லுவோம். ஒன் அறைய ஒதுக்கிக் குடுத்துரு. பச்சப்புள்ளக்காரி, காத்தோட்டமா இருக்கணும். நீ இங்கன எங் கட்டிலுக்குக் கீழ படுத்துக்க. ஒனக்கென்ன, நீ எப்பவும் எம்பக்கத்துல கெடக்குறவதான."

தை 18, வியாழன்

காலை. பனி குறைவு. பெரிய டீச்சர் வீட்டுப் பின்னறை காலியாம், வரச் சொல்லிவிட்டார். தகரப் பெட்டி கட்டியாகிவிட்டது. வண்டிக்காரர் மாடு பூட்டி வரக் கொஞ்ச நேரமாகும் என்றார். வாசலில் பெட்டி மேல் உட்கார்ந்து எழுதுகிறேன்.

அத்தை கொல்லையில் இருக்கிறார். மாமா கூப்பிடுகிறார். "தாயி." வேட்டி மாற்றும் நேரம். இரண்டாம் தரம் கூப்பிட்டார், குரல் உடைந்து. மூன்றாம் தரம் அழுகை. போர்வை நனைந்திருக்கும். இந்தக் குளிரில் நனைந்தால் முதுகில் புண் வரும். எனக்குத் தெரியும். உட்கார்ந்திருக்கிறேன்.