மோட்டார் ரூம் சாவி

என் ஊட்டு ராணி பச்சையம்மாவுக்கு, கும்மிடிப்பூண்டி இரும்பு கம்பெனி வாட்ச்மேன் ரங்கசாமி கும்பிட்டு எழுதிக்கிறது. நான் சௌக்கியம். உன் முட்டி வலி இன்னா சொல்லுது? போன்ல சொன்னா பாதியிலயே கட் பண்ணிடுவ, அதான் லெட்டரு.

நேத்து லீவு போட்டுக்கினு திருவள்ளூர் கோர்ட்டுக்குப் போனேன். அப்பா நிலத்துக்கு அண்ணன் போட்ட பாகப்பிரிவினை கேசு சமாதானமா முடியப் போவுது. நிலம் சரிபாதி, கெணறு பொது, தண்ணி ஒருநாள் அவருக்கு, ஒருநாள் நமக்கு. ஜட்ஜம்மா, "ரெண்டு பேருக்கும் சம்மதமா?"ன்னாங்க. நான் உடனே தலையாட்டிட்டேன்.

அண்ணன், "இவன் சம்மதத்த வச்சிக்கினு இன்னா பண்றதும்மா? மோட்டார் ரூம் சாவி இவன் பொண்டாட்டி இடுப்புல கீது. அவ கையால என் ஊட்டுக்கு வரட்டும், கையெழுத்து போடறேன்"ன்னாரு. கோர்ட்டே சிரிச்சிது. ஜட்ஜம்மா வெள்ளிக்கெழமைக்குத் தள்ளி வச்சாங்க.

வெளிய வந்து அண்ணன்தான் டீ வாங்கிக் குடுத்தாரு. "சக்கரை போடாதப்பா, என் தம்பிக்கு சுகரு"ன்னு கடைக்காரன்கிட்ட சொன்னாரு. எத்தினி வருசம் கழிச்சி தம்பின்றாரு!

அதனால நீயே போயி லட்சுமி அண்ணி கையில சாவியக் குடு. அவங்க மொறைச்சா நீயும் மொறைச்சிக்கோ, ஆனா குடுத்துட்டு வா. டூப்ளிகேட் மட்டும் போட்டுடாதீங்க. ஒரே சாவியா இருந்தாதான் தெனம் ஒருத்தி ஊட்டுக்கு ஒருத்தி போவீங்க.

நான் ஊருக்கு வந்து திரும்பறப்ப எலுமிச்சங்கா ஊறுகா குடுத்தனுப்பு. மெஸ்ஸு சோறு தனியா தின்னா எறங்க மாட்டேங்குது.

சங்கு ஊதிட்டான், கேட்டுக்கு ஓடணும். வெள்ளிக்கெழமை அண்ணன் கூடவே பஸ்ஸு ஏறி வரேன். ரெண்டு பேருக்கும் சேர்த்து ஒலை வையி.

உன் கெழவன்,
ரங்கசாமி