கடைந்துவிட்ட சலாது

மாசி 10, ஞாயிறு. செலியமேடு.

உடம்பெல்லாம் வலிக்கிறது. ஆனாலும் தூக்கம் வரவில்லை.

பிரெஞ்சுக்காரன் பட்டாளத்தில் சேர்ந்து சைகோனில் பல வருடம் இருந்துவிட்டு வீடு திரும்பிய நாள் முதல் என் வீட்டுக்காரர் ஒரே பண்டத்தைத்தான் கேட்டுக்கொண்டிருந்தார். நெருப்பில் வாட்டிய மாட்டுக்கறியைப் பச்சை இலையில் சுருட்டித் தின்ன வேண்டுமாம். உழவு மாடு கட்டியிருக்கும் வீட்டில் அதெல்லாம் ஆகாது என்று சொல்லிப் பார்த்தேன். கடைசியில், மாடுகளின் கண்ணில் படாமல் வைக்கோல் போருக்குப் பின்னால் சுட்டுக்கொள்ளச் சம்மதித்தேன்.

இன்று புதுச்சேரியிலிருந்து கறியும், அதைச் சுருட்டச் சலாது இலையும் வாங்கி வந்தார். அவர் நெருப்பு மூட்டுவதற்குள் நான் அந்த இலையைப் பருப்போடு வேகவைத்துக் கடைந்துவிட்டேன்.

"இன்னாடி பண்ணி வச்சிருக்க? அத்தப் பச்சையா துன்னணும்டி!"

"எனக்கு இன்னா தெரியும்? கீரைன்னு நெனச்சிட்டேன்."

கோபிப்பார் என்று நினைத்தேன். சிரித்தார். என் வெற்றிலைத் தட்டைக் கொண்டுவரச் சொன்னார். ஒரு வெற்றிலையின் காம்பைக் கிள்ளி, சுட்ட கறியை வைத்து, அழகாகச் சுருட்டினார். அதைத் தன் வாயில் போடவில்லை. தலையைத் திருப்பாமலே இடப்பக்கம் நீட்டினார், தாழ்வாக, உட்கார்ந்திருக்கும் குழந்தையின் வாய் உயரத்துக்கு.

நான் அவருக்கு எதிரே நின்றிருந்தேன். எங்களுக்குக் குழந்தை இல்லை.

கை சற்று நேரம் அப்படியே இருந்தது. பிறகு மடக்கிக்கொண்டு தானே தின்றார். "காரம் பத்தல" என்றார்.

கடைசலை இருவரும் சோற்றில் பிசைந்து சாப்பிட்டோம்.

இப்போது பாயில் தூங்குகிறார், இடப்பக்கம் கொஞ்சம் இடம் விட்டு. நான் படுக்கும் பக்கம் அது இல்லை.